கயிறு தொடாத சம்மாட்டி

ஒரு கல்லைக்கூட உடைக்காமல் பெட்டி நிறைய நீலக் கிறிஸ்டல் சேர்த்த ஒரு மனிதரை எனக்குத் தெரியும். பெயர் சொல்லப் போவதில்லை. சொன்னால் குறிஞ்சிப்பிட்டியில் பாதிப் பேர் சிரிப்பார்கள். மீதிப் பாதி அவருக்குச் சொந்தக்காரர்கள், அவர்கள் என் வாப்பாவிடம் முறையிடப் போவார்கள். ஆகவே ‘அவர்’ என்றே எழுதுகிறேன். என்னைவிட நாலு வயது மூத்தவர், அண்ணன் முறைக்கு ‘நானா’ என்று கூப்பிட்டு வாய் பழகிவிட்டது. அதற்குமேல் இதில் மரியாதை எதையும் தேட வேண்டாம்.

ஊரடங்குக் காலம் அது. நுரைச்சோலைச் சந்தியில் நான் வேலை செய்த ஃபோன், கணினி திருத்தும் கடைக்குப் பூட்டு விழுந்திருந்தது. அப்போதுதான் நாங்கள் நாலு பேர் ஒரு விளையாட்டுக்குள் போய் விழுந்தோம். அதில் கப்பல் உடைந்து ஒரு தீவில் ஒதுங்குவோம். கையில் ஒன்றும் இருக்காது. மரம் வெட்டி, கல் பொறுக்கி, பசிக்கும் குளிருக்கும் தப்பி உயிர் பிழைக்க வேண்டும். கல்லை வைத்துக் கோடரி, கோடரியை வைத்து இரும்பு என்று படிப்படியாக ஏற வேண்டும். எல்லாவற்றுக்கும் மேலே இருப்பது நீலக் கிறிஸ்டல். அது கடலடிக் குகையின் ஆக அடியில் கிடக்கும். மூச்சுப் போத்தலைக் கட்டிக்கொண்டு இறங்கி, இரும்புப் பிக்காசால் கொத்தி, சுறாவுக்கும் இருட்டுக்கும் தப்பி மேலே கொண்டுவர வேண்டும். கிறிஸ்டல் இல்லாமல் கப்பல் கட்ட முடியாது. கப்பல் இல்லாமல் தீவைவிட்டுப் போக முடியாது.

நாலு பேர் என்றால் அவர், நான், என் தங்கச்சி ஹஸ்னா, என் கூட்டாளி ரிஸ்வான். நிஜத்திலும் கடலடியில் இறங்கிக் கடலட்டை எடுப்பதுதான் ரிஸ்வானின் தொழில். அட்டை வாங்க ஆள் இல்லாததால் வீட்டில் இருந்தான். விளையாட்டில் அவனுடைய ஆள் தண்ணீருக்குள் போனால் கதிரையில் உட்கார்ந்திருக்கும் ரிஸ்வானும் மூச்சைப் பிடித்துக்கொள்வான். ஆள் மேலே வந்ததும் ‘ஹா’ என்று அவன் காற்றை இழுப்பது எங்கள் எல்லோருடைய காதிலும் கேட்கும். எத்தனையோ தடவை சொன்னேன், பழக்கத்தை விட அவனால் முடியவில்லை.

தீவு இருந்தது அவருடைய கணினியில். அவர் அதைத் திறந்து வைத்தால்தான் நாங்கள் எங்கள் எங்கள் வீட்டிலிருந்து இணையத்தால் உள்ளே போகலாம். அவர் மூடினால் தீவு மூடிவிடும், நாங்கள் நட்ட சோளமும் வளராமல் நின்றுவிடும். காலையில் எழுந்ததும் “கரை தொறந்தாச்சா நானா?” என்று அவருக்குச் செய்தி அனுப்புவோம். “பொறு, பிளேன்டீ குடிச்சிட்டு வாறன்” என்று பதில் வரும். அந்த பிளேன்டீ எந்த நாளும் ஒரு மணி நேரம் பிடிக்கும்.

அவருடைய வாப்பா எங்கள் கரையின் பெரிய சம்மாட்டி. கரைவலை தெரியாதவர்களுக்குச் சொல்கிறேன்: வலையை வள்ளத்தில் கொண்டுபோய்க் கடலில் வளைத்துப் போட்டு, அதன் இரண்டு கயிற்றையும் கரையில் நின்று இருபது முப்பது பேர் இழுப்பது. வலையும் வள்ளமும் யாருடையதோ அவர் சம்மாட்டி. விழுந்த மீனில் பாதி வலைக்கு, பாதி இழுத்தவர்களுக்கு. இதை யாரும் எங்களுக்குச் சொல்லித் தரவில்லை. விடியலில் சுபஹுத் தொழுகைக்குப் பாங்கு சொல்வதுபோல அது பாட்டுக்கு நடக்கிற ஒன்று.

முதல் தடவை ரிஸ்வான் எட்டுக் கிறிஸ்டலோடு மேலே வந்தான்.

“எத்தின?” என்று கேட்டார் அவர்.

“எட்டு, நானா.”

“நாலு இந்தப் பெட்டிக்குள்ள போடு.”

“என்னத்துக்கு?”

“வலை என்டதுதானே.”

ஹஸ்னா பகிடி என்று நினைத்துச் சிரித்தாள். அந்நிய ஆம்பிளை என்பதால் அவள் அவரோடு வாயால் கதைப்பதில்லை, எழுத்தில்தான். ஒரு சிரிப்புப் படம் அனுப்பிவிட்டுத் திரும்பிப் பார்த்தால், ரிஸ்வான் நாலைப் போட்டுவிட்டான். நானும் பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். பன்னிரண்டு வயதிலிருந்து அவருடைய வாப்பாவின் கயிறு இழுத்தவன் ரிஸ்வான். பள்ளிக்கூட விடுமுறைகளில் நானும் இழுத்திருக்கிறேன். வலைக்குப் பாதி என்றதும் எங்கள் கை தானாகப் போனது. இங்கே வலையும் இல்லை, வள்ளமும் இல்லை, எந்த நூலும் அறுந்து போகவில்லை என்று எங்களில் ஒருவனுக்கும் தோன்றவில்லை. கொழும்புப் பையன் ஒருவன் எங்களோடு இருந்திருந்தால் “போங்கடா விசரன்மாரே” என்று அன்றைக்கே கையை உதறிவிட்டுப் போயிருப்பான்.

“நானா, பாதி எடுக்க அவர் என்ன செஞ்சார்?” என்று அறைக்குள்ளிருந்து ஹஸ்னா என்னிடம் கேட்டாள்.

“தீவு அவர்ட மெஷின்ல இரிக்கி.”

“அதுக்கு?”

அவளைக் கயிறு இழுக்க யாரும் விட்டதில்லை, அதனால் அவளுக்குக் கேட்க முடிந்தது.

அவர் என்ன செய்தார் என்று கேட்டால், நின்றார். குகை வாயில் ஒரு விளக்கைப் பிடித்துக்கொண்டு, கீழே மூன்று பேர் சுறாவோடு மல்லுக்கட்டும்போது, மேலே நின்று அம்பா பாடினார். அம்பா, கயிறு இழுக்கிறவர்கள் களைப்புத் தெரியாமல் பாடுகிற பாட்டு. அதில் அவருக்கு முதலடி மட்டும் தெரியும். அதையும் பிழையாகப் பாடுவார். இடையில் முறுக்குக் கடிக்கும் சத்தம் கேட்கும். “பொறுமையா பாருங்கடா, கடல் குடுக்கும்” என்பார். கொடுப்பது கடல் அல்ல, ரிஸ்வான் என்று சொல்ல எனக்கு நாக்கு நுனிவரை வரும், அங்கேயே நின்றுவிடும். ஒரு நாள் மட்டும் கேட்டுவிட்டேன். “நீங்களும் ஒருக்கா எறங்கிப் பாருங்களே நானா.”

“என்ட மெஷின் சூடாகுதுடா. நான் சும்மாவா இரிக்கன்?”

மெஷின் சூடாவதுதான் அவருடைய உழைப்பு. நோகாமல் நுங்கு தின்கிறவர்களை ஊருக்கு ஊர் பார்க்கலாம். நுங்கு தின்றதால் பல் நோகிறது என்று முறைப்பாடு செய்கிறவரை நான் அவரில்தான் பார்த்தேன்.

எச்சில் கையால் காகம் ஓட்டாத குணம் வேறு. ஒரு தடவை ரிஸ்வானின் ஆளைச் சுறா அடித்தது. பதினொரு கிறிஸ்டலும் குகை அடியில் சிந்திவிட்டன. கொஞ்ச நேரத்துக்குள் போய் எடுக்காவிட்டால் மறைந்துவிடும். எங்களிடம் மூச்சுப் போத்தல் இல்லை. அவருடைய பெட்டியில் ஒன்பது இருந்தன, எல்லாம் எங்களிடமிருந்து பாதி பாதியாகப் போனவை.

“ஒண்டு தாங்க நானா, திருப்பித் தாறன்” என்றேன்.

“போத்தல் பாவிச்சா பழுதாகும்டா.”

“பாவிக்கத்தானே போத்தல்?”

“ஒனக்கு விளங்கா. சாமான் எண்டா கையில இரிக்கணும்.”

போத்தல் இல்லாமல் நானும் ஹஸ்னாவும் இறங்கினோம். அஞ்சுதான் மிஞ்சியது. அவர் கொஞ்சம் யோசித்தார். “அஞ்சுல பாதி ரெண்டரை. ஒடைக்க ஏலா. மூணு போடு” என்றார். ரிஸ்வான் மூன்றைப் போட்டான்.

அந்தப் பெட்டியிலிருந்து அவர் ஒன்றையும் எடுத்து ஒன்றையும் செய்ததில்லை. கிறிஸ்டலை வைத்து விளக்கு செய்யலாம், கவசம் செய்யலாம், தூண்டில் செய்யலாம். அவர் கிழிந்த தோலாடையோடு நின்றார். அவருடைய ஆள் இரவில் படுத்தது எங்கள் குடிசையில், தின்றது ஹஸ்னா சுட்ட மீனை. பெட்டியை மட்டும் ஒரு நாளைக்கு நாலு தடவை திறந்து பார்ப்பார். திறக்கும்போது ‘கிறீச்’ என்று ஒரு சத்தம், மூடும்போது ஒரு சத்தம். வைக்கோற்போரில் படுத்த நாய் என்பார்கள். அந்த நாயாவது குரைத்துக் காவல் காக்கும்.

வாப்பாவின் மகன் என்று சொல்ல வாய் வரவில்லை. அவருடைய வாப்பாவும் பாதி எடுத்தவர்தான். ஆனால் சோளகக் காற்றில் கடல் கெட்டு வலை போட முடியாத மாதங்களில் கயிற்றுக்காரர் வீடுகளுக்கு அரிசி போகும். வலை கல்லில் சிக்கிக் கிழிந்தால் நட்டம் அவருக்கு மட்டும். வழியில் போகிறவன் சும்மா வந்து கயிற்றில் ஒரு கை வைத்தாலும் அவனுக்குக் கறிக்கு நாலு மீன் கொடுக்காமல் அனுப்பமாட்டார். மகன் அந்தப் பாதியை மட்டும் பிடித்துக்கொண்டு மீதியை மணலில் விட்டுவிட்டார்.

போன மாதம் நுரைச்சோலைச் சந்தியில் அவரைக் கண்டேன். வெங்காயம் ஏற்றிய சின்ன லொறியின் முன் இருக்கையில், ஓட்டுகிறவருக்குப் பக்கத்தில் இருந்தார். கொஞ்சம் உடம்பு வைத்திருக்கிறார்.

“டேய், அந்தத் தீவு இன்னும் என்ட மெஷின்ல இரிக்கி. கிறிஸ்டல் அப்பிடியே இரிக்கி, ஒண்டும் குறையல்ல. நல்லாப் பாடுபடுற செட் ஒண்டு சேத்துக் குடு, கரையத் தொறப்பம்” என்றார்.

“ஓம் நானா” என்றேன். வெட்கக்கேடு, அதுதான் வாயில் வந்தது.

ஹஸ்னாவைப் பற்றிச் சொல்லாமல் அவரைப் பற்றிச் சொல்லி முடிக்க முடியாது. உயர்தர வகுப்பில் கணிதம் படித்து நல்ல பெறுபேறு எடுத்தவள். பல்கலைக்கழக வளாகத்துக்கு அனுப்ப வீட்டில் மனம் வரவில்லை. ஊரடங்குக்கு முன்பே நிக்காஹ் முடிந்து, மாப்பிள்ளை கத்தாருக்குத் திரும்பிவிட்டார். விசாவும் விமானமும் வரும்வரை இவள் எங்கள் வீட்டில். திருத்த வந்து யாரும் திரும்ப எடுக்காத ஒரு பழைய கணினியைக் கடையிலிருந்து கொண்டுவந்து கொடுத்திருந்தேன். அதில்தான் அவள் கப்பல் கட்டினாள்.

அந்த விளையாட்டில் கப்பலை ஆயத்தமாகத் தரமாட்டார்கள். பலகை பலகையாக நாமே வைக்க வேண்டும். பாரம் ஒரு பக்கம் கூடினால் சரிந்துவிடும். மூன்று தடவை கட்டினாள், மூன்று தடவையும் சரிந்தது. உம்மாவின் சமையல் நேரம் போக மீதி நேரமெல்லாம் தலைக்குள் கணக்குப் போட்டுக்கொண்டே இருந்தாள். தேங்காய் துருவும்போது திடீரென்று “நடுவுல ரெண்டு பலக கூடிப்போச்சி” என்பாள். நாலாவது தடவை கப்பல் நிமிர்ந்து நின்றது. ரிஸ்வான் அதைச் சுற்றிச் சுற்றி நீந்திப் பார்த்துவிட்டு, “அல்லாஹ், நம்மட வள்ளத்த விட நல்லா இரிக்கி” என்றான். சுக்கான் மட்டும் இல்லை. சுக்கானுக்கு ஏழு கிறிஸ்டல் வேண்டும், எங்களிடம் இருந்ததெல்லாம் கப்பலில் போய்விட்டது.

அந்தக் கிழமைதான் விசா வந்தது. வியாழக்கிழமை விமானம். அன்றைக்கு ஞாயிறு.

“அங்க ஒரு ரூம்தானாம், நானா. கம்ப்யூட்டர் எல்லாம் இரிக்காது. நான் தனிய யோசிச்சுச் செஞ்ச ஒரே சாமான் இது. இது கடல்ல போறதப் பாத்துட்டுத்தான் நான் ப்ளேன் ஏறுவன்” என்றாள்.

“நான் கேக்கவா அவர்ட்ட?”

“இல்ல. நான் கேக்கன்.”

என் தலையிலிருந்து ஹெட்செட்டைக் கழற்றித் தன் காதில் வைத்துக்கொண்டாள். நாலு மாதத்தில் அவளுடைய குரலை அவர் கேட்டது அதுதான் முதல் தடவை. நான் காது கொடுத்துக் கேட்டுக்கொண்டு நின்றேன்.

“நானா, நான் ஹஸ்னா. வியாழக்கிழம போறன். ஒங்கட பெட்டியில இருந்து ஏழு கிறிஸ்டல் தாங்க.”

முறுக்கு நின்றது. “தங்கச்சி, வலைப்பங்குல கை வெக்கிறது முறை இல்ல” என்றார்.

“ஒங்கட வாப்பா கயித்துல கை வெச்சவனுக்கும் கறிக்கு மீன் குடுப்பாரே.”

“அது மீன், தங்கச்சி. நாளைக்கு நாறிரும். இது கிறிஸ்டல்.”

பிறகு அவர் தொண்டையைச் செருமிக்கொண்டு, “வேணும் எண்டா ஒண்டு செய்யலாம். கப்பல என்ட பேருக்கு மாத்துங்க, ஏழையும் நான் போடுறன்” என்றார். கப்பல் யார் பேரில் இருக்கிறதோ அவர்தான் அந்த விளையாட்டில் சுக்கான் பிடிக்கலாம்.

“தேவ இல்ல” என்றாள் ஹஸ்னா. ஹெட்செட்டைக் கழற்றி மேசையில் மெல்ல வைத்தாள்.

ஏழு வேண்டுமென்றால் பதினாலு எடுக்க வேண்டும். திங்கள், செவ்வாய், புதன், மூன்று நாளும் இறங்கினோம். பயணப் பெட்டி அடுக்குகிற வீடு, வந்து போகிற ஆட்கள், உம்மாவின் அழுகை, இதற்கிடையில் அவள் ஓடி ஓடி வந்து கதிரையில் இருப்பாள். குகையில் கிட்டக் கிடந்ததெல்லாம் முடிந்துபோய், இன்னும் ஆழத்துக்குப் போக வேண்டியிருந்தது. புதன்கிழமை பின்னேரம் பன்னிரண்டு கிறிஸ்டல் சேர்ந்திருந்தது. அதில் ஆறு அவருடைய பெட்டிக்குள் போயிருந்தது. ரிஸ்வான் கடைசித் தடவை இறங்கி, கண்முன்னே ஒரு கொத்துக் கிறிஸ்டலைக் கண்டு, “இரிக்கி, இரிக்கி” என்று கத்தினான்.

அந்தி சாய்ந்து மஃரிபுத் தொழுகைக்குப் பாங்கு சொன்னது. “சரி, மெஷின் சூடாகிட்டு. மூடப் போறன்” என்றார் அவர்.

“பத்து நிமிசம் நானா” என்றேன்.

“நாளைக்கு எடுக்கலாம்.”

“நாளைக்கு அவள் இல்லையே.”

“கிறிஸ்டல் எங்கயும் போகாதுடா” என்றார். எங்கள் மூன்று பேருடைய திரையும் ஒரே நேரத்தில் கறுப்பானது. அவருடைய வீட்டில் தொழுகைக்கு யாரும் அவசரப்படுத்தவில்லை என்று பிறகு அறிந்தேன். கப்பலைத் தன் பேருக்கு மாற்றித் தராத கோபம்.

ஹஸ்னா என் பக்கம் திரும்பி, “நானா, அந்தத் தீவ அவர்ட மெஷின்ல இருந்து எடுக்கவே ஏலாதா? எங்கட மெஷின்ல போட ஏலாதா?” என்று கேட்டாள்.

“ஏலா” என்றேன். “அது அவர்ட மெஷின்ல மட்டும்தான் ஓடும்.”

இது அவர் அடிக்கடி சொல்கிற பொய். அதை அப்படியே அவளுக்குச் சொன்னேன். கணினி திருத்துகிறவன் சொன்னால் அவளுக்கு மறுபேச்சில்லை. அதற்கு ஒரு மாதத்துக்கு முன்னால் அவருடைய மெஷின் உண்மையாகவே நின்றுபோய், திருத்துவதற்கு என்னிடம் வந்தது. விசிறிக்குள் மணலும் உப்பும். கடலோரக் கணினிகளுக்கு வழக்கமான நோய். இரண்டு நாள் வீட்டில் என் மேசையில் இருந்தது. தீவு அதற்குள் ஒரு சின்னக் கோப்பு. ஒரு கலியாண வீடியோவில் பத்தில் ஒரு பங்கு அளவுகூட வராது. இரண்டு நிமிடத்தில் பென் டிரைவில் எடுத்து எங்கள் மெஷினிலேயே திறந்திருக்கலாம். பாதி கொடுக்கத் தேவை இல்லை, பிளேன்டீ முடியும்வரை காத்திருக்கத் தேவை இல்லை. அவள் கேட்ட அந்தப் பின்னேரத்தில்கூட, அவருடைய வீட்டுக்குப் போய், ஏதோ ஒரு சாக்குச் சொல்லி எடுத்து வந்திருக்கலாம். மூன்று தெரு தள்ளித்தான் வீடு.

எங்கள் கரையில் வலையைக் காவல் இல்லாமல் விட்டுவிட்டுப் போவார்கள், அந்நியன் வலையை ஒருவரும் தொடமாட்டார்கள், அந்தப் பழக்கம்தான் என் கையைத் தடுத்தது என்று கொஞ்ச காலம் எனக்கு நானே சொல்லிக்கொண்டிருந்தேன். உண்மை அதுவல்ல. மெஷினைத் திருத்திக் கொடுத்த அன்று அவர் என் தோளில் தட்டி, “புதுசு ஒண்டு வாங்கப் போறன்டா, வாங்கினா இது ஒனக்குத்தான்” என்றிருந்தார். அந்தப் பழைய மெஷினுக்காக வாயை மூடிக்கொண்டேன். அவர் புதிதும் வாங்கவில்லை, பழையதும் தரவில்லை. அவரைப்போல ஒரு ஆளின் வாக்கை நம்பியதில் எனக்கு அவர்மேல் இருக்கிற அருவருப்பு இன்னும் கூடிப்போயிற்று.

ஹஸ்னா போய் மூன்று மாதம் கழித்து ஒரு வெள்ளிக்கிழமை கத்தாரிலிருந்து அழைத்தாள். கடை அப்போது திறந்திருந்தது. சாப்பாடு, வெயில், மாப்பிள்ளையின் வேலை என்று கதைத்துவிட்டு, பக்கத்து ரூமில் அக்குறணையைச் சேர்ந்த ஒரு பிள்ளை இருப்பதாகச் சொன்னாள். அவளும் புருஷனும் அதே விளையாட்டு விளையாடுகிறவர்களாம்.

“நானா, அந்தத் தீவு சின்ன ஃபைல்தானாம். கொப்பி பண்ணி எந்த மெஷின்லயும் போடலாமாம். அந்தப் பிள்ள எனக்குச் செஞ்சே காட்டினா.”

நான் கையிலிருந்த ஸ்க்ரூ டிரைவரை மேசையில் வைத்தேன்.

“அந்த மனிசன் நம்மள நல்லா ஏமாத்திட்டான் என்னா?” என்றாள். “ஒங்களுக்கும் தெரிஞ்சிரிக்காதுதானே?”

“தெரியாதும்மா” என்றேன்.

“அது எனக்குத் தெரியும். ஒங்களுக்குத் தெரிஞ்சிருந்தா அண்டைக்கே போய் எடுத்துட்டு வந்திருப்பீங்க” என்றாள் ஹஸ்னா.